அன்றைக்கு உட்கார்ந்த இடம்

"அம்மா, உங்க நாற்காலிய எங்க போட?"

காட்சிக்கூடத்தின் கருவிகளைப் பார்த்துக்கொள்ளும் ரோசலின் ஒரு மடக்கு நாற்காலியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள். மற்ற இரண்டையும் அவள் முன்பே போட்டுவிட்டாள். ஒன்று கூடத்தின் நடுவில், செங்கமலத்தின் கணவன் பரஞ்சோதிக்கு. இன்னொன்று சற்றுத் தள்ளி, அவனுடைய அக்கா சிந்தாமணிக்கு. இருவரும் உட்கார்ந்தும் ஆயிற்று. செங்கமலம் வெறும் தரையைப் பார்த்தாள்.

"நான் அன்னைக்கு உக்காரல."

"அது எப்படிம்மா? விருந்து முழுக்கவா?"

"முழுக்கத்தான்."

"நல்லா யோசிச்சுச் சொல்லுங்க. கடைசியிலயாவது உக்காந்திருப்பீங்க."

"கடைசியில அடுக்களையில உக்காந்தேன். அது பதிவுல இல்ல."

"இவ எப்பவுமே இப்படித்தான்," என்றாள் சிந்தாமணி, யாரிடம் என்றில்லாமல். "உக்காருன்னா நிப்பா. நில்லுன்னா நடப்பா."

"என்னைய யாரு மதினி உக்காருன்னு சொன்னது?"

சிந்தாமணி தம்பியின் முகத்தைப் பார்த்தாள். பரஞ்சோதி தன் முழங்கால்களைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

கடலுக்குள் கிடக்கும் தீவுகளில் ஒன்றான தென்திட்டின் இல்லற மன்றத்தில் இது பழைய வழக்கம். பிரிவு கேட்டு வருகிற கணவனும் மனைவியும் தங்கள் வாழ்க்கையின் மூன்று பதிவுகளைச் சேர்ந்து பார்க்க வேண்டும். அதுவும் அன்றைக்கு யார் எங்கே உட்கார்ந்திருந்தார்களோ அதே இடத்தில் உட்கார்ந்து பார்க்க வேண்டும். உடம்பு பழைய இடத்துக்குப் போனால் மனசும் பின்னாலேயே போகும் என்பது மன்றத்தை ஏற்படுத்தியவர்களின் நம்பிக்கை. எத்தனையோ பேருக்கு அப்படி நடந்தும் இருக்கிறது. கல்யாணப் பதிவைப் பார்த்துவிட்டு அழுதுகொண்டே கைகோத்து வெளியே போனவர்களைப் பற்றி ஊரில் கதைகள் உண்டு. உட்காராதவர்களை என்ன செய்வது என்று வழக்கத்தில் இல்லை.

நடுவர் மரியபுஷ்பம் மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். ஐம்பதைத் தாண்டிய பெண்மணி. நிறையக் கேட்டுக் கேட்டு முகம் ஒரு மாதிரி அமைதியாகிவிட்டிருந்தது.

"அப்ப ஒண்ணு பண்ணுங்கம்மா. உங்க உருவம் எங்க போகுதோ, நீங்களும் கூடவே போங்க. ரோசலின், நாற்காலிய மடக்கி வை."

விளக்குகள் அணைந்தன.

*

திட்டுகளில் கல்யாணம் செய்துகொள்கிற ஒவ்வொரு தம்பதிக்கும் நகரசபை ஒரு ஒளியுருப் பதிவியைப் பரிசாகக் கொடுக்கும். கூரையில் பொருத்திக்கொள்ள வேண்டியது. ஓடும்போது பச்சையாய் மினுக்கும் என்பதால் அதற்கு மின்மினி என்று பேர் வந்துவிட்டது. கூடத்தில் நடப்பதையெல்லாம் எல்லாப் பக்கமிருந்தும் வாங்கிக்கொண்டு, கேட்கிறபோது வெளிச்சத்தால் திருப்பி வார்த்துத் தரும். ஆட்கள் அதே உயரம், அதே பருமன், அதே குரலோடு எழுந்து நடப்பார்கள். சுற்றி வந்து பார்க்கலாம். தொட்டால் கை உள்ளே போய்விடும்.

மின்மினியை யாரும் தினமும் ஓட விடுவதில்லை. பிறந்தநாள், குழந்தைக்குப் பேர் வைக்கிற நாள், விருந்து நாள், இப்படி. வீட்டில் முகம் கடுத்திருக்கிறபோது யாராவது எழுந்து போய் அதைப் போட்டுவிட்டு வந்து தொடர்ந்து கடுகடுப்பார்களா? ஆகவே எல்லார் வீட்டு மின்மினியிலும் சிரிப்புதான் இருந்தது. பிரிவு கேட்டு வருகிறவர்கள் மன்றத்தில் கொடுக்க முடிந்ததும் அந்தச் சிரிப்பை மட்டுமே.

செங்கமலத்தின் முதல் இரண்டு காட்சிகளும் அவளுக்கு எதிராகவே முடிந்திருந்தன. கல்யாணப் பதிவில் அவள் வெட்கப்பட்டாள். புதுவீட்டுப் பதிவில் ஜன்னலைத் திறந்து கடலைப் பார்த்துக் கைதட்டினாள். "இந்தப் பொண்ணுக்கு என்னம்மா குறை?" என்று மரியபுஷ்பம் கேட்டபோது செங்கமலம் மனசுக்குள் தேடிப் பார்த்தாள். பரஞ்சோதி குடிக்க மாட்டான். கை ஓங்கியதில்லை. உப்பு நீக்கும் ஆலையில் நல்ல வேலை. அவளுடைய அப்பா செத்தபோது படகு பிடித்து, ஆள் பிடித்து, எல்லாக் காரியத்தையும் அவனே முடித்தான். அந்த நாட்களில் ஒரு தடவைகூட அவளிடம் வந்து உட்காரவில்லை என்பதை ஒரு குறையாகச் சொல்ல முடியுமா? சொன்னால் கேட்கிறவர்கள் அவளைத்தான் ஒரு மாதிரிப் பார்ப்பார்கள்.

வடதிட்டில் புதிதாகத் திறக்கும் அலையளவு நிலையத்தில் அவளுக்கு வேலை கிடைத்திருந்தது. கல்யாணத்துக்கு முன்னால் அந்தப் படிப்புத்தான் படித்தாள். கடிதம் வந்த அன்று சாப்பாட்டுத் தட்டின் முன்னால் வைத்து அவனிடம் சொன்னாள். "அங்க போய் நீ என்ன பண்ணப்போற?" என்று கேட்டுவிட்டு அவன் குழம்பை ஊற்றிக்கொண்டான். கோபம் இல்லை, கேலியும் இல்லை. அவள் பதில் சொல்வாள் என்றுகூட எதிர்பார்க்கவில்லை. செங்கமலம் கடிதத்தை மடித்து எடுத்துக்கொண்டு அடுக்களைக்குப் போனாள். மறுநாள் மன்றத்துக்குப் போனாள்.

கணவனும் மனைவியும் வேறுவேறு திட்டில் குடியிருக்கக் கூடாது என்பது சட்டம். இந்த மூன்றாவது காட்சியும் அவளுக்கு எதிராகப் போனால் இன்னும் மூன்று வருஷத்துக்கு அவள் மறுபடி கேட்க முடியாது. வேலை வேறு யாருக்காவது போய்விடும்.

மூன்றாவது பதிவைத் தேர்ந்தெடுத்தவன் பரஞ்சோதி. முதல்மழை விருந்து. வருஷத்தின் முதல் மழையைத் தொட்டியில் பிடித்து, அந்தத் தண்ணீரில் சமைத்து, வேண்டியவர்களைக் கூப்பிட்டுப் பந்தி போடுகிற நாள். அந்த வருஷம் அவன் ஆலையில் பிரிவுத் தலைவனாகியிருந்தான். "நம்ம வீட்டுல அதுதான் ரொம்பச் சந்தோஷமான நாள்," என்று மனுவில் எழுதிக் கொடுத்தான். அவன் பொய் எழுதவில்லை என்று அவளுக்குத் தெரியும்.

*

வெளிச்சம் மெல்லத் திரண்டு அவர்கள் வீட்டுக் கூடமாயிற்று. பந்தி, பாய், தட்டுகள், சம்மணமிட்ட விருந்தாளிகள். மேசையும் நாற்காலியும் பெரியவர்களுக்கு. ஆலையின் தலைமைப் பொறியாளர் தோளை ஆட்டி ஆட்டிச் சிரித்துக்கொண்டிருந்தார். பரஞ்சோதியின் உருவம் இப்போதைய பரஞ்சோதியைப் போர்த்திக்கொண்டு அவருக்கு எதிரே உட்கார்ந்தது. சிந்தாமணியும் தன் உருவத்துக்குள் சரியாகப் பொருந்தியிருந்தாள், அன்றைக்குக் கொஞ்சம் மெலிவு.

அடுக்களை வாசலிலிருந்து நீலப் புடவையில் செங்கமலம் வந்தாள். கையில் கடற்பாசி வடைத் தாம்பாளம்.

செங்கமலம் அவளோடு சேர்ந்து நடந்தாள்.

"இன்னொண்ணு வச்சுக்குங்கண்ணே. சின்னதுதான். அய்யோ, இது ஒரு வடையா?" உருவம் சிரித்தது. பற்கள் தெரிய, கழுத்தைச் சாய்த்து, நன்றாகவே சிரித்தது. செங்கமலம் அந்த முகத்துக்கு வெகு அருகில் தன் முகத்தைக் கொண்டுபோய்ப் பார்த்தாள். இந்தச் சிரிப்புக்குப் பின்னால் அன்றைக்கு என்ன இருந்தது? எவ்வளவு யோசித்தும் ஞாபகம் வரவில்லை. துக்கம் இருந்திருந்தால் கண்ணோரமாவது கொஞ்சம் கசிந்திருக்கும். அப்படி எதுவும் இல்லை. ரசம் போதுமா என்று நினைத்துக்கொண்டிருந்திருப்பாள். அவ்வளவுதான் இருந்திருக்கும். அதுதான் அவளைப் பயமுறுத்தியது.

உருவம் திரும்பி அடுக்களைக்குள் போனது. மின்மினியின் எல்லை வாசற்படியோடு சரி. படியைத் தாண்டியதும் முதலில் தாம்பாளம் மறைந்தது, பிறகு கைகள், பிறகு நீலப் புடவையின் கொசுவம். செங்கமலம் அந்தப் பக்கத்து இருட்டில் தனியாக நின்றாள். காட்சிக்கூடத்தின் இந்த மூலையில் வெளிச்சமே வார்க்கப்படவில்லை. முன்னால் வெளிச்சச் சதுரமாய் வாசல். அங்கிருந்து பேச்சும் சிரிப்பும் வந்துகொண்டிருந்தன.

உருவம் திரும்பி வந்தது. சாதம். அவள் கூடப் போனாள். திரும்பினாள், இருட்டு. குழம்பு. இருட்டு. ஒவ்வொரு முறையும் உருவம் மறையும்போது அது எங்கே போகிறது என்று அவள் ஒருத்திக்குத்தான் தெரிந்திருந்தது.

"பாருங்கம்மா, எவ்வளவு கலகலப்பா இருக்கா," என்று சிந்தாமணி இருட்டில் நடுவரிடம் சொல்வது கேட்டது. "எங்க வீட்டுலயே இவ சிரிக்கிற மாதிரி யாரும் சிரிக்க மாட்டாங்க. எங்க அம்மாவே சொல்லும்."

காட்சி முடிந்து விளக்கு வந்தபோது மரியபுஷ்பம் ஏதோ குறித்துக்கொண்டிருந்தார்.

"செங்கமலம், அந்தச் சிரிப்பப் பத்தி ஏதாவது சொல்றீங்களா? வழக்கமா எல்லாரும் அது நடிப்புன்னு சொல்வாங்க."

"இல்லம்மா. சிரிப்புதான். நான் நடிக்கல."

"பிறகு?"

செங்கமலம் பரஞ்சோதியைப் பார்த்தாள். அவன் உண்மையாகவே குழம்பிப்போயிருந்தான். பரீட்சையில் சரியான விடை எழுதியும் தப்பென்று சொல்லப்பட்ட மாணவனைப் போன்ற முகம். அவன் மேல் அவளுக்கு இரக்கம் வந்தது. அவனும் தன் நாற்காலியிலிருந்தே எல்லாவற்றையும் பார்த்துக்கொண்டிருக்கிறான், இத்தனை வருஷமாக. மன்றமும் அதே நாற்காலியைத்தான் மறுபடி போட்டுக் கொடுத்திருக்கிறது.

"அம்மா, இன்னொரு தடவ போடச் சொல்லுங்க," என்றாள். "இந்தத் தடவ என் உருவத்தோட அவர் போகட்டும். அவர் நாற்காலியில நான் உக்காந்துக்கறேன்."

"அது வழக்கம் இல்லையேம்மா. அவங்கவங்க இடத்துலதான்..."

"எனக்குத்தான் அங்க இடமே இல்லையே. வழக்கம் ஏற்கெனவே ஒடஞ்சு போச்சு."

ரோசலின் சிரிப்பை அடக்கிக்கொள்ள முகத்தைக் கருவிப் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

"ஆம்பளப் பிள்ளைய அடுக்களைக்கும் கூடத்துக்கும் நடக்க விடப்போறாளாம்," என்றாள் சிந்தாமணி. "நல்லா இருக்கு மன்றம்."

"நடந்தா கால் தேஞ்சா போயிரும்?" என்றான் பரஞ்சோதி, எழுந்தபடி. அக்காவிடம் அவன் அப்படிப் பேசிச் செங்கமலம் கேட்டதில்லை. ஆனால் அவளைப் பார்க்கவில்லை அவன். "போடுங்கம்மா. நடக்கறேன்."

*

அவன் நாற்காலி இன்னும் கதகதப்பாக இருந்தது. அவன் உருவம் வந்து அவளைச் சுற்றி அமர்ந்தது. அவளுடைய கைகளுக்கு மேல் அவனுடைய கைகள், மணிக்கட்டில் ரோமத்தோடு.

இங்கிருந்து பார்த்தால் தலைமைப் பொறியாளரின் தோள்தான் பார்வையை நிறைத்தது. அடுக்களை வாசல் அவன் முதுகுக்குப் பின்னால் இருந்தது. அவள் இதை யோசித்ததே இல்லை. இடது பக்கமிருந்து ஒரு கரண்டி நீண்டது. ஒரு வளையல் கை. சாதம் விழுந்தது. கை போய்விட்டது. கொஞ்ச நேரம் கழித்து மறுபடி ஒரு கரண்டி, ஒரு கை. அந்த மாலை முழுதும் அவன் தன் மனைவியென்று பார்த்தது முழங்கை வரைக்கும்தான். திரும்பினால் மீதியும் தெரிந்திருக்கும். அவன் திரும்பவில்லை. பெரிய அதிகாரி பேசிக்கொண்டிருக்கும்போது எப்படித் திரும்புவது என்று இருந்திருப்பான். அவளுக்கு அது இப்போது புரிந்தது. புரிந்ததால் வலி ஒன்றும் குறைந்துவிடவில்லை என்பதும் அவளுக்கு விளங்கியது.

கண்ணோரத்தில் நிஜப் பரஞ்சோதி போவதும் வருவதுமாக இருந்தான். நீலப் புடவைக்குப் பின்னால், கைகளை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாத ஆளாக. முதலில் உருவத்தோடு போய் உருவத்தோடு வந்தான். பிறகு உருவம் வடை சுடப் போய் வராமல் இருந்த அந்த நீண்ட நேரத்தில் அவனும் வரவில்லை.

பந்தியில் மாம்பழம் வந்தது. கரையிலிருந்து கப்பலில் வந்தது. தலைமைப் பொறியாளர் கொண்டுவந்த பரிசு. ஒரு தட்டுக்கு இரண்டு துண்டு என்று அவளேதான் அன்றைக்கு நறுக்கி வைத்தாள். தனக்கென்று மிச்சம் வைக்கவில்லை. அவள் மாம்பழம் தின்று வருஷக்கணக்காகியிருந்தது. அவன் உருவம் ஒரு துண்டைத் தின்றது. பொறியாளர் ஏதோ சொல்ல, எல்லாரும் சிரிக்க, அவனும் சத்தமாகச் சிரித்துக்கொண்டே இடது கையால் இன்னொரு துண்டைத் தட்டின் ஓரத்துக்குத் தள்ளினான். அதன் மேல் ஒரு சின்னக் கிண்ணத்தைக் கவிழ்த்து வைத்தான்.

செங்கமலம் குனிந்து அந்தக் கிண்ணத்தைப் பார்த்தாள். அது அவள் மடிக்கு நேர் மேலே இருந்தது.

பொறியாளர் எழுந்தார். அவரை வழியனுப்ப அவனும் எழுந்து போனான், அவளை விட்டு வெளிச்சம் உரிந்துகொண்டு போயிற்று. சிந்தாமணியின் உருவம் முந்தானையைச் செருகிக்கொண்டு வந்து தட்டுகளை எடுக்க ஆரம்பித்தது. கிண்ணத்தைத் தூக்கிற்று. "எவன் பாதியில வச்சிட்டுப் போனான்?" என்று முணுமுணுத்து, மாம்பழத்தை எச்சில் வாளியில் வழித்துப் போட்டது.

"அய்யய்யோ!" என்று நிஜச் சிந்தாமணி கத்தினாள்.

விளக்கு எரிந்தது.

"சார், முடிஞ்சிருச்சு," என்றாள் ரோசலின். எல்லாரும் திரும்பிப் பார்த்தார்கள். அடுக்களையாக இருந்த மூலையில், எதுவுமே இல்லாத தரையில் பரஞ்சோதி குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தான்.

*

"என்ன பாத்தீங்க?" என்று மரியபுஷ்பம் கேட்டார்.

"அங்க பாக்க ஒண்ணும் இல்லம்மா." அவன் எழுந்து வேட்டியைத் தட்டிவிட்டுக்கொண்டான். "சத்தம் மட்டும் கேட்டுது. எல்லாரும் சிரிக்கிறாங்க. என் சிரிப்புதான் எல்லாத்தயும் விடப் பெரிசா இருந்துச்சு." வாசல் இருந்த பக்கம் திரும்பினான். "நான் எப்ப உள்ள வருவேன்னு பாத்துக்கிட்டே இருந்தேன். ஒரு தடவயாச்சும் வந்து எட்டிப் பாப்பேன்னு. நான் வரவே இல்ல."

"டேய், நீ இங்க இல்லாதப்ப என்ன நடந்துச்சுன்னு உனக்குத் தெரியாது!" சிந்தாமணி நாற்காலியை விட்டுத் துள்ளி எழுந்தாள். "மாம்பழம் எடுத்து வச்சிருக்கடா இவளுக்கு! கிண்ணத்தப் போட்டு மூடி வச்சிருக்க! நான் பாவி தெரியாம வாளியில கொட்டிட்டேன். அம்மா, நீங்க பாத்தீங்கல்ல? எழுதிக்குங்க. பொண்டாட்டி மேல நெனப்பு இல்லாதவனா மாம்பழத்த மூடி வைப்பான்? கமலம், நீயே சொல்லு, உன் கண்ணால பாத்தீல்ல?"

"பாத்தேன் மதினி."

"பிறகென்ன?"

எல்லாரும் செங்கமலத்தைப் பார்த்தார்கள். நடுவரின் பேனா காகிதத்தின் மேல் காத்திருந்தது. தன்னை அவன் நினைத்ததே இல்லை என்கிற ஒன்றின் மேல்தான் இத்தனை நாள் அவள் காலை ஊன்றி நின்றிருந்தாள். இப்போது அந்த இடத்தில் ஒரு துண்டு மாம்பழம் கிடந்தது. அவளுக்கு அழுகை வந்தது, கூடவே கோபமும் வந்தது. இவ்வளவு காலம் கழித்து, இத்தனை பேர் நடுவில், ஒரு கருவி எடுத்துக் காட்டி இதைத் தெரிந்துகொள்ள வேண்டியிருக்கிறதே என்று கோபம். ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே. 'கமலம், வா' என்று ஒரு சத்தம் போட்டிருக்கலாமே. அந்த இருட்டு வரைக்கும் அது கேட்டிருக்குமே.

நினைப்பு இல்லை என்று சொன்னால் அவள் நன்றிகெட்டவள். ஆமாம் என்று சொன்னால் வடதிட்டு இல்லை.

"விடுக்கா," என்றான் பரஞ்சோதி.

"என்னடா விடுக்கா?"

"எடுத்து வச்சேன். குடுக்கலையே."

"நான்தானேடா கொட்டினேன்! எம் மேல தப்பு!"

"நீ கொட்டலேன்னாலும் நான் குடுத்திருக்க மாட்டேன்க்கா. எடுத்து வச்சதே எனக்கு ஞாபகம் இல்ல. அவரை வழியனுப்பிட்டு வந்து படுத்துத் தூங்கிட்டேன். அது மட்டும் ஞாபகம் இருக்கு." அவன் நடுவரிடம் திரும்பினான். "அம்மா, அத என் கணக்குல எழுதாதீங்க. நான் சம்மதிக்கிறேன். அவளுக்குப் பிரிவு குடுத்துருங்க. அந்த வேலைக்கு அவ போகட்டும்."

"யோசிச்சுத்தான் சொல்றீங்களா?"

"அங்க உக்காந்து யோசிச்சிட்டேன்."

சிந்தாமணி தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். மரியபுஷ்பம் செங்கமலத்திடமும் கேட்டார். செங்கமலம் தலையை ஆட்டினாள், பிறகு அது போதாது என்று தோன்றி, "ஆமாம்மா, எனக்குப் பிரிவு வேணும்," என்று வாய் திறந்து சொன்னாள். நடுவர் முத்திரையை வைத்தார். கேட்டது கிடைத்துவிட்டது. இப்படிக் கிடைக்கும் என்று அவள் எந்த இரவிலும் நினைத்துப் பார்த்திருக்கவில்லை. அவன் மறுப்பான், தான் போராட வேண்டியிருக்கும், ஒருவேளை தோற்கவும் கூடும் என்று எல்லாவற்றுக்கும் தயாராக வந்தவளுக்கு இதற்கு மட்டும் தயாரிப்பு இல்லை.

"வீட்டுப் பதிவெல்லாம் யாருக்கு?" என்று மரியபுஷ்பம் கேட்டார். அதுவும் வழக்கம்.

"அவரே வச்சுக்கட்டும்," என்றாள் செங்கமலம்.

"எனக்கு எதுக்கு? அவளே கொண்டுபோகட்டும்."

"சரி, அப்ப மன்றத்துலயே இருக்கட்டும். ரோசலின், இன்னைக்கு இங்க நடந்த பதிவ அழிச்சிரு."

காட்சிக்கூடத்தில் நடப்பதையும் ஒரு மின்மினி பதிந்துகொண்டிருக்கும். நடுவருக்கு ஐயம் வந்தால் திருப்பிப் பார்க்க. வேலை முடிந்ததும் அழித்துவிடுவார்கள். பிரிந்து போகிறவர்கள் யாருக்கு அது வேண்டும்?

"அழிக்க வேண்டாம்," என்றான் பரஞ்சோதி. "அத எனக்குக் குடுங்க."

"எதுக்கு?" என்றாள் ரோசலின், தன்னை மறந்து.

"அதுலதான் நாங்க பேசறோம்."

செங்கமலம் சட்டென்று நிமிர்ந்தாள். "அது எனக்கு வேணும்."

"நீதான் எதுவும் வேண்டாம்னியே?"

"வீட்டுப் பதிவுதான் வேண்டாம்னேன். இது வேணும்."

"ஆளுக்கு ஒண்ணா குடுத்துரலாமே," என்றாள் சிந்தாமணி, அழுகைக்கு நடுவே.

"முடியாதும்மா," என்றாள் ரோசலின். "ஒளியுருவுக்கு நகல் கெடையாது. எடுத்தா மூஞ்சியெல்லாம் மெழுகு மாதிரி வழிஞ்சிரும். ஒண்ணே ஒண்ணுதான்."

"அப்ப எனக்குத்தான்," என்றான் பரஞ்சோதி. "நீ போறவ. புது எடம், புது வேல. உனக்கு எதுக்கு இது? நான்தான் அந்த வீட்டுல தனியா..."

"போறவளுக்குத்தான் வேணும்! அவ்வளவு தூரம் போய் நான் எதப் பாக்கறது? நீங்க தரையில உக்காந்திருந்தது அதுல மட்டுந்தான இருக்கு?"

"நீ என் நாற்காலியில உக்காந்ததும் அதுலதான் இருக்கு!"

"அத நான் கேட்டு வாங்கினேன். நானாக் கேட்டேன். நீங்களா குடுத்தீங்க?"

"கேட்டவுடனே எந்திரிச்சேன்ல?"

"பதினாலு வருஷம் கழிச்சு!"

"பதினாலு வருஷம் நீ கேக்கல!"

அவன் கத்தினான். பரஞ்சோதிக்குக் கத்தத் தெரியும் என்பது செங்கமலத்துக்குப் புதிதாக இருந்தது. அவன் கழுத்து நரம்பு புடைத்திருந்தது. கண்கள் அவள் முகத்தை விட்டு நகரவில்லை. அவன் சொன்னதில் பாதி நியாயம் இருந்தது, பாதி அக்கிரமம். இரண்டையும் பிரித்து எடுத்து அவன் முகத்துக்கு நேராகச் சொல்ல வேண்டும் என்று அவளுக்கு வெறியே வந்தது. முத்திரை வைத்த ஆணை அவள் கைப்பைக்குள் இருந்தது. வடதிட்டுக்குப் படகு சாயங்காலம். போகத்தான் போகிறாள். ஆனால் இதைச் சொல்லாமல் போக மாட்டாள்.

"சாமி விக்கிரகம் மாதிரி ரெண்டும் ஆளுக்கொரு மூலையில இத்தன வருஷம் இருந்துட்டு," என்று சிந்தாமணி மூக்கைச் சிந்தினாள், "பிரிச்சு விட்டப்புறம் சண்ட போடுதுங்க பாருங்கம்மா."

ரோசலின் நடுவரின் அருகே போய்க் குனிந்தாள். "அம்மா, மின்மினி இன்னும் ஓடிக்கிட்டிருக்கு. நிறுத்திரவா? வெளிய அடுத்த ஜோடி காத்திருக்காங்க."

மரியபுஷ்பம் பேனாவை மூடி வைத்தார். "ஓடட்டும். அவங்கள மத்தியானத்துக்கு மேல வரச் சொல்லு."

செங்கமலத்துக்கு அது காதில் விழவில்லை. "கேக்கலையா?" என்று அவள் ஒரு அடி முன்னால் வந்தாள். "நான் கேக்கலையா? சரி, சொல்றேன், கேளுங்க."

பரஞ்சோதி மடக்கி வைத்திருந்த நாற்காலியை இழுத்து விரித்துப் போட்டான்.

"உக்காந்து சொல்லு," என்றான்.

"நின்னுக்கிட்டுத்தான் சொல்லுவேன்," என்று அவள் ஆரம்பித்தாள்.